கழிவு போக

எவாரிஸ்த் மூக்கையூர் என்றொருவர்.
ஊர்ப்பெயர் எப்படிக் குடும்பப்பெயர் ஆனதென்றால்
காரைக்காலில் கப்பல் குமாஸ்தா கேட்டது பெயரை,
பூட்டன் சொன்னது ஊரை.

அட்டையில் படம் இருக்கிறது:
மூக்குக்கண்ணாடி, கழுத்துவரை பொத்தான்,
கோபத்தை ஒத்திவைத்த வாய்.
நம்மூர் ஜாடை தேடினேன், இல்லை.
குவாதலூப்பில் பள்ளி வாத்தியார்,
பிறகு வேலைபோன வாத்தியார்,
பிறகு பதினேழு மாதம் கைதி.
குற்றம்: ஒரு தராசைப் பற்றி எழுதியது.

கரும்பாலை வாசலில் நின்ற தராசு.
வெட்டிவந்த கட்டை ஏற்றினால்
மண்ணுக்கு, தோகைக்கு, ஈரத்துக்கு என்று
நூற்றுக்குப் பதினொன்று போகும்.
சொட்டு மழை இல்லாத மாசியிலும்
ஈரத்துக்குப் போகும்.
நாற்பது பக்கம் இதையே எழுதினார்.
கொடியைப் பற்றி இரண்டே வரி:
"கொடி இறங்கிவிடும், பார்த்துக்கொண்டிருங்கள்.
தராசை யார் இறக்குவது?"

எண்பத்தொன்றில் இறந்தார்.
அவர் பெயரில் ஒரு வட்டச்சாலை உண்டு.
ஆலை இப்போது அருங்காட்சியகம்,
தராசு உள்ளே நிற்கிறது,
தொடாதீர்கள் என்ற பலகையோடு.

நான் படித்த பிரெஞ்சு எனக்குச் சோறு போட்டதில்லை.
வாலிநோக்கம் உப்பளத்தில்
வருகைப் பதிவேடு எழுதுகிறேன்.
இரவில் இவரைத் தமிழாக்குகிறேன்,
யாரும் கேட்கவில்லை.
ஒரு சொல்லில் நாலு நாள் நின்றேன்.
பிடித்தம், தள்ளுபடி, சேதாரம்
எதுவும் அந்த இடத்தில் உட்காரவில்லை.

ஞாயிறு பூசை முடிந்து
பாசி எடுக்கிற பெண்கள் ஏலக்கூடத்தில் கூடியபோது
கவிழ்த்த ஐஸ்பெட்டிமேல் உட்கார்ந்து
தராசு அத்தியாயத்தை வாசித்தேன்.
நல்லதண்ணித் தீவோரப் பாறையில் கிழிந்து
துணி சுற்றிய விரல்கள்
மடியில் கிடந்து கேட்டன.
பாதியில் மிக்கேலம்மாள் நிறுத்தினாள்.
"கழிவுன்னு போடு.
சீனியப்பன் தராசுல அதுக்குப் பேரு கழிவு.
நூறு கிலோவுக்குப் பதினஞ்சு."

அடுத்து அவள் கேட்டதற்குத்தான் தடுமாறினேன்.
"இந்த மனுசன் கரும்பு வெட்டுனாரா?"
புரட்டிப் பார்த்தேன்.
ஆறு வயதில் அம்மாவோடு தோகை பொறுக்கியதாக
ஒரு வரி.
"சரி, அந்த அம்மா பேரென்ன?"
நானூறு பக்கத்தில் அது இல்லை.
சிரித்தார்கள். பகையில்லாத சிரிப்பு,
ஆனாலும் சிரிப்பு.
ஓரத்தில் பென்சிலால் குறித்துக்கொண்டேன்: பெயர்?

ஐம்பத்திரண்டில் இந்த ஊருக்கு
ஒரு கடிதம் போட்டிருக்கிறார்.
"மூக்கையூரில், ஆள் கப்பலேறிப் போன
எந்த வீட்டுக்கும்."
திரும்பிப்போன உறையின் படம் கடைசிப் பக்கத்தில்:
முகவரி போதாது,
மசி கசிந்த முத்திரை.
உள்ளே உறவுமுறை விசாரிக்கவில்லை,
பூட்டன் வீடு இருக்கிறதா என்று கேட்கவில்லை.
ஒரே கேள்வி:
அங்கே மீனை நிறுப்பது யார்?

செவ்வாய்க்கிழமை பதினொரு பேர்
சீனியப்பன் கொட்டகைக்குப் போனோம்,
சாயல்குடியில் தவணைக்கு வாங்கிய
தராசைத் தூக்கிக்கொண்டு.
அதே மூட்டை, காய்ந்த பாசி.
அவருடையதில் இருபத்தாறு,
எங்களுடையதில் முப்பத்தொன்று.
அவர் கத்தவில்லை. டீ சொன்னார்.
"காத்தடிக்குதும்மா, முள்ளு ஆடத்தான் செய்யும்."
காற்று அடிக்கத்தான் செய்தது.
டீயில் சீனி தூக்கல்.
பேசிப் பேசி
இருபத்தொன்பதுக்குக் காசு எண்ணினார்.

திரும்பும் வழியில் மணல் சுட்டது.
ஒருத்தியும் ஜெயித்ததாகப் பேசவில்லை.
தராசை இடுப்பு மாற்றிக்கொண்டு
மிக்கேலம்மாள் சொன்னாள்:
"இன்னும் ரெண்டு கிலோ
அவன்கிட்டதான் இருக்கு.
அந்தாளு புத்தகத்துல
இதையும் எழுதிக்க."